வேலூர் டைரி: சித்தப்பா, சிப்பாய், ஸ்டாம்ப்

ஜூலை 8, செவ்வாய்

வேலூர்னா எனக்குத் தெரிஞ்சது ஆஸ்பத்திரி, வெயில், ஜெயில் மூணும்தான். சித்தப்பாவுக்கு நெஞ்சு செக்கப்புன்னு மதுரைல இருந்து கூட்டிட்டு வந்தேன். இங்க ஒரு டெஸ்ட்டுக்கும் அடுத்த டெஸ்ட்டுக்கும் நடுவுல நிறைய நேரம் கெடைக்குது, அந்த நேரத்துல ஊர் சுத்துனதை மட்டும் எழுதுறேன், ரிப்போர்ட் எல்லாம் நல்லாத்தான் இருக்கு, யாரும் போன் பண்ணி விசாரிக்க வேணாம்.

காந்தி ரோடு பக்கம் லாட்ஜு, ஒரு நாளைக்கு 750 ரூபா, கேஸ் அடுப்பும் ரெண்டு பாத்திரமும் வாடகைக்கு வேணும்னா தனி காசு. போர்டெல்லாம் பெங்காலி, ஹிந்தி, அதுக்கு அப்புறம்தான் தமிழ். ரிசப்ஷன் பையன் என்னைப் பாத்ததும் ஹிந்திலதான் ஆரம்பிச்சான், நான் "தம்பி, மதுரை"ன்னதும் "அட, நம்ம ஆளா"ன்னு சிரிச்சிட்டு ஒரு வாளி சுடுதண்ணி ஃப்ரீயா குடுத்தான்.

சாயங்காலம் கோட்டைக்கு ஆட்டோ. டிரைவர் அண்ணன் நல்லா வாய். "இன்னாம்மா, வேலூரப் பத்தி ஒரு பழமொழி கீது தெரியுமா? தண்ணி இல்லாத ஆறு, மரம் இல்லாத மலை, ராஜா இல்லாத கோட்டை, சாமி இல்லாத கோயில்..." அஞ்சாவதா பொம்பளைங்களப் பத்தி ஒண்ணு வருமாம், கண்ணாடில என் மூஞ்சியப் பாத்துட்டு அதை முழுங்கிட்டார். பாலாறு காஞ்சு கெடக்குறதும் மலை மொட்டையா நிக்கிறதும் பஸ்ல வரும்போதே பாத்தாச்சு. சாமி மட்டும் 1981ல வந்துருச்சு. ஜலகண்டேஸ்வரர் கோயில்ல பல காலம் மூலவரே இல்ல, லிங்கத்த சத்துவாச்சாரில வச்சிருந்தாங்க, 1981 மார்ச்சுலதான் திரும்ப உள்ள கொண்டாந்தாங்க. நடுவுல வெள்ளைக்காரன் இந்தக் கோயிலை ஆயுதக் கிடங்கா வச்சிருந்தான்னு சொன்னதும் சித்தப்பா கல்யாண மண்டபத்து யாளிங்களப் பாத்து "இதுக்குள்ளயா துப்பாக்கிய அடுக்குனான்"னு ரெண்டு தடவ கேட்டார். அந்த மண்டபத்தையே பேத்து கப்பல்ல லண்டனுக்கு ஏத்த நெனச்சாங்கன்னு பூக்கார அம்மா சொன்னாங்க, மொழம் 30 ரூபா, கதை ஓசி.

கோட்டை பெருசு, 133 ஏக்கர், அகழில இன்னும் தண்ணி கிடக்கு. 16ஆம் நூற்றாண்டுல விஜயநகரத்துக்குக் கீழ இருந்த நாயக்கர்ங்க கட்டுனது. உள்ள கோயில் இருக்கு, 1846ல கட்டுன சர்ச் இருக்கு, மசூதியும் இருக்கு. கோயில்ல பூசை நடக்குது, சர்ச்சுல ஜெபம் நடக்குது, மசூதில மட்டும் தொழுகைக்கு அனுமதி இல்ல. அதைப் பத்தி சுண்டல் விக்கிற பாய்கிட்ட கேட்டேன், "அத வுடும்மா, சூடா கீது, துன்னு" அப்படின்னுட்டார். கோட்டைய இப்ப வெள்ளைக்காரன் ஒண்ணும் ஆளலியே.

திப்பு மகால், ஹைதர் மகால் ரெண்டும் நாங்க போனப்ப பூட்டி இருந்துச்சு. சுவத்தோரமா காலேஜ் பசங்க செல்ஃபி. 1799ல ஸ்ரீரங்கப்பட்டணத்துல திப்பு செத்ததும் அவர் பிள்ளைங்களயும் அரண்மனை ஆளுங்களயும் கொண்டாந்து அடைச்ச எடம் இது.

ஜூலை 9, புதன்

காலைல ஏழு மணிக்கு டோக்கன், பதினொண்ணரை வரைக்கும் பெஞ்சு. பக்கத்துல ஒரு பெங்காலி குடும்பம், அப்பாவுக்கு வைத்தியம் பாக்க கொல்கத்தால இருந்து வந்திருக்காங்க, ரயில்லயே ஒன்றரை நாள். அந்த தாதா (பெங்காலில அண்ணன்) கைல இருந்த முறுக்கு மாதிரி ஒரு ஐட்டத்த சித்தப்பாவுக்கு நீட்ட, சித்தப்பா சீடைய நீட்ட, அப்புறம் எனக்குத் தெரிஞ்ச ஹிந்தி, அவருக்குத் தெரிஞ்ச இங்கிலீஷு, ரெண்டையும் வச்சு பேச்சு ஓடுச்சு.

நேத்து எங்க போனீங்கன்னு கேட்டார். கோட்டை, திப்பு பிள்ளைங்கள வச்சிருந்த எடம்னு சொன்னேன். அவருக்கு ஒரே ஆச்சரியம். அவர் தெனமும் ஆபீஸ் போற வழில தர்மதலால திப்பு சுல்தான் மசூதி இருக்காம், டோலிகஞ்ச் பக்கம் திப்பு வம்சத்தவர் பேர்ல பிரின்ஸ் அன்வர் ஷா ரோடு இருக்காம், மைசூர் ராஜா பேர்ல எங்க ஊர்ல எதுக்கு மசூதின்னு ஒரு நாளும் யோசிச்சதே இல்லியாம். வழி இங்கதான் இருக்கு. 1806 ஜூலைல வேலூர் கோட்டைல கிழக்கிந்தியக் கம்பெனி படைல இருந்த நம்ம சிப்பாய்ங்க வெள்ளைக்கார அதிகாரிங்கள எதிர்த்து எந்திரிச்சாங்க, அத அடக்கின கையோட திப்பு குடும்பத்த இனி தெற்கு பக்கமே வைக்கக் கூடாதுன்னு கப்பலேத்தி கல்கத்தாவுக்கு அனுப்பிட்டாங்க, அங்கயே வாழ்ந்து 1842ல திப்புவோட கடைசிப் பையன் குலாம் முகமது அந்த மசூதியக் கட்டினார். நான் இதச் சொல்லச் சொல்ல தாதா அவங்க அப்பாவுக்கு பெங்காலில சொல்லிட்டே வந்தார். பெரியவர் கேட்டுட்டு ஏதோ சொன்னார், தாதா சிரிச்சிட்டு மொழிபெயர்த்தார்: "அவங்கள அங்க அனுப்புனீங்க, எங்கள இங்க வரவச்சிட்டீங்க."

எங்க பாடப் புத்தகத்துல வேலூர் இருந்துச்சு, கல்கத்தா இல்ல. அவர் ஊர்ல கல்கத்தா இருக்கு, வேலூர் இல்ல. நாடு கடத்துறதுல கம்பெனிக்கு இதுவும் ஒரு லாபம் போல, ஆளோட சேத்து கதையும் ரெண்டு துண்டாப் போயிடுது.

மத்தியானம் அவங்களே கூட்டிட்டுப் போயி மீன் சோறு வாங்கித் தந்தாங்க, ஒரு தட்டு 130 ரூபா, கடுகு எண்ணெ வாசம் சித்தப்பாவுக்கு ஒத்துக்கல, ஆனாலும் மரியாதைக்கு முழுசும் சாப்புட்டார். நைட்டு பூரா புளிச்ச ஏப்பம்.

சாயங்காலம் வெயில் தணிஞ்சதும் பழைய வெள்ளைக்காரர் கல்லறைத் தோட்டம். கோட்டைக்கு வெளிய பக்கத்துலயே இருக்கு. 69ஆம் ரெஜிமென்ட்டுன்னு ஒரு வெள்ளைக்காரப் படை அப்ப கோட்டைல இருந்துச்சு, 1806 ஜூலை 10 விடியறதுக்கு முன்னாடி அவங்க தூங்கிட்டு இருக்கப்பவே சிப்பாய்ங்க சுட்டுட்டாங்க. வெள்ளைக்கார அதிகாரிங்க 14 பேர், 69ஆம் ரெஜிமென்ட் சோல்ஜர்ங்க 115 பேர் செத்தாங்க. அவங்க நினைவுக்கு அங்க ஒரு கல் மேடை. நான் கைய வச்சுப் பாத்தேன், இன்னும் சுட்டுச்சு. அந்த ஆளுங்களும் பாவம்தான், கூலிக்கு கப்பலேறி வந்த இருவது வயசுப் பசங்க. ஆனா அன்னைக்கு மத்தியானத்துக்குள்ள செத்த சிப்பாய்ங்க அதுக்கு மேல, 350 பேர்னு சொல்றாங்க. அவங்கள எங்க பொதைச்சாங்க? காவலுக்கு இருந்த பெரியவர்கிட்ட கேட்டேன். "இன்னாமே இப்பிடிக் கேக்குற, அவுங்களுக்கு யாரு கல்லு வச்சாங்க"ன்னார்.

ஜூலை 10, வியாழன்

நாங்க தேதி பாத்து வரல, டெஸ்ட்டு அப்படி அமைஞ்சுச்சு. லாட்ஜ் பையன்தான் "இன்னிக்கு மக்கான்ல மாலை போடுவாங்க, போய்ப் பாருங்க"ன்னான். போனா, மக்கான் சந்திப்புல சிப்பாய் புரட்சி நினைவுத் தூணச் சுத்தி பந்தல், போலீஸ், யூனிபார்ம்ல பசங்க, ரிட்டயர்டு ராணுவத்தார். அதிகாரிங்க வந்தாங்க, மாலை வச்சாங்க, சல்யூட், போட்டோ, கெளம்பிட்டாங்க. அப்புறம் ஒருத்தர் மைக்குல இந்தியாவோட மொத சுதந்திரப் போர் 1857 இல்ல, நம்ம வேலூர்தான்னு முழங்கினார். எல்லாரும் கைதட்டுனோம், நானும்தான். வெயில்ல ஒரு பையன் மயங்கி விழுந்தான், ஒரு அக்கா ஓடிப் போயி மோர் பாக்கெட் வாங்கியாந்து குடுத்தாங்க, காசு குடுக்கப் போனா வாங்கல.

சித்தப்பா பையில இருந்து ஒரு கவர எடுத்தார். உள்ள 2006ல இருநூறாவது ஆண்டுக்கு தபால் துறை போட்ட வேலூர் புரட்சி ஸ்டாம்ப். மனுஷன் முப்பத்தஞ்சு வருஷம் தபால் ஆபீஸ்ல இருந்தவர், அப்ப கவுன்ட்டர்ல அவர் கையாலதான் வித்தாராம். பக்கத்துல நின்ன ரிட்டயர்டு ஹவில்தார் ஒருத்தர் அத வாங்கி ரொம்ப நேரம் பாத்துட்டு இருந்தார். அவருக்கு விஷயம் தெரியும். டீக்கடைக்கு கூட்டிட்டுப் போயி (டீ 15, வடை 10, காசு அவர் குடுத்தார்) சொல்ல ஆரம்பிச்சார்.

1805 நவம்பர்ல சிப்பாய்ங்களுக்கு புது ஆர்டர். நெத்தில நாமமோ விபூதியோ கூடாது, காதுல கடுக்கன் கூடாது, தாடிய எடுக்கணும், மீசைய ஒரே அளவுல வெட்டணும், தொப்பி மாதிரி ஒரு புது தலைப்பாகை, அதுல தோல் வச்ச குஞ்சம். அட்ஜுடன்ட் ஜெனரல் அக்னியூ போட்ட டிசைன். 1806 மே மாசமே ஒரு பட்டாளம் மாட்டேன்னு சொல்லிருச்சு, ரெண்டு பேருக்கு ஆளுக்கு 900 கசையடி. ஹவில்தார் இங்க நிறுத்திட்டு "தொள்ளாயிரம்மா, எண்ணிப் பாரு"ன்னார். ஜூலை 9 திப்பு மக கல்யாணம், அந்தக் கூட்டத்தோட கூட்டமா ஆளுங்க உள்ள வந்துட்டாங்க. ராத்திரி ரெண்டு மணிக்கு மேல ஆரம்பம். விடிஞ்சப்ப கோட்டைல மைசூர்க் கொடி. ஆற்காட்டுல இருந்த வெள்ளைக்காரத் தளபதி கில்லஸ்பிக்கு ஆள் போயி சொல்லி, அவன் குதிரைப்படையோட வந்து கயத்தப் புடிச்சு மதில் ஏறி, பீரங்கி கொண்டாந்து கதவத் தெறந்து, எல்லாம் காலைலயே முடிஞ்சு போச்சு. அரண்மனைக்குள்ள ஒளிஞ்ச 100 பேர இழுத்தாந்து சுவரோரமா நிக்க வச்சு சுட்டாங்க. அத நேர்ல பாத்த இன்ஜினியர் அதிகாரி பிளாக்கிஸ்டன்னு ஒருத்தன், இது சரியான தீர்ப்புதான்னு பின்னால எழுதி வச்சிருக்கான். விசாரணைக்கு அப்புறம் 6 பேர பீரங்கி வாய்ல கட்டி வெடிச்சாங்க, 5 பேர சுட்டாங்க, 8 பேருக்குத் தூக்கு.

நான் கேட்டுட்டே இருக்கேன், ஒரு விஷயம் மண்டைக்குள்ள குடைஞ்சிட்டே இருந்துச்சு. இது எல்லாத்தையும் நமக்கு யார் சொன்னா? கோட்டைத் தளபதி ஃபேன்கோர்ட் செத்துட்டார், அவர் சம்சாரம் பிள்ளைங்களோட ஒளிஞ்சிருந்து தப்பிச்சு ரெண்டு வாரத்துல எல்லாத்தையும் எழுதி வச்சிட்டாங்க, அது இன்னைக்கும் இருக்கு. பிளாக்கிஸ்டன் எழுதினது இருக்கு. விசாரணைக் கமிஷன் பேப்பர் இருக்கு, அதுல சிப்பாய்ங்க பேசுனது இருக்கு, ஆனா தூக்குக் கயித்துக்கு முன்னாடி நின்னு, கேட்ட கேள்விக்கு மட்டும் சொன்ன பதில். திப்பு பிள்ளைங்க சதியா, தலைப்பாகையா, பாதிரியார்ங்க மதம் மாத்துவாங்கன்னு பயமா, எது காரணம்னு லண்டன்ல அடிச்சுக்கிட்டாங்க. மெட்ராஸ் கவர்னர் பென்டிங்கையும் தளபதி கிராடக்கையும் திரும்பக் கூப்ட்டுட்டாங்க. இத்தன சண்டைலயும் பேசினது பூரா அவங்களேதான். நாம தூணுக்குப் பக்கத்துல நின்னு பெருமையா சொல்றதுக்குக் கூட சரக்கு அவன் பீரோல இருந்துதான் வரணும்.

அந்த பென்டிங்க் 1828ல கவர்னர் ஜெனரலா திரும்பி வந்து, 1829ல சதிய, அதாவது உடன்கட்டை ஏறுற வழக்கத்த, ஒழிச்சார். பத்தாங்கிளாஸ்ல அஞ்சு மார்க் கேள்வி, நான் முழு மார்க் வாங்கிருக்கேன். ரெண்டும் ஒரே ஆள்னு இன்னைக்குத்தான் எனக்கு ஒறச்சுச்சு, ஏன்னா ரெண்டும் வேற வேற பாடத்துல இருந்துச்சு.

ஹவில்தார் டேராடூன்ல வேலை பாத்தவராம். அங்க கலங்கால ரெண்டு தூண் பக்கத்துல பக்கத்துல நிக்குதாம். 1814ல நேபாளச் சண்டைல கில்லஸ்பி அங்கதான் செத்தான், ஒரு தூண் அவனுக்கு. இன்னொண்ணு அவன எதிர்த்து நின்ன கூர்க்கா தளபதி பலபத்ராவுக்கு, வீரமான எதிரின்னு வெள்ளைக்காரனே வச்சது. "வெளியாளு எதிர்த்தா வீரன், சம்பளம் வாங்குறவன் எதிர்த்தா துரோகி, அவ்ளோதாம்மா"ன்னுட்டு டம்ளரக் கவுத்தார். கில்லஸ்பிக்கு அயர்லாந்துல அவன் சொந்த ஊரு காம்பர்ல உசரமா ஒரு சிலையும் இருக்கு.

சாயங்காலம் இடி மின்னலோட மழை. லாட்ஜுல கரென்ட் போயிருச்சு. கொசு.

ஜூலை 11, வெள்ளி

டெஸ்ட் இல்லாத நாள். ஆற்காடு. டவுன் பஸ் மெதுவாத்தான் போச்சு, ஜன்னல் சீட்டு கெடச்சதால கேள்வி கேக்கல. மொதல்ல மக்கன் பேடா, உள்ள முந்திரி பாதாம் எல்லாம் வச்சு ஜீரால ஊறப்போட்டது, கடைக்காரர் "சுகர் கீதா சார்?"னு சித்தப்பாகிட்ட அக்கறையா கேட்டார், சித்தப்பா இல்லன்னு பச்சையா புளுகிட்டு ரெண்டு உள்ள தள்ளினார். பிரியாணி தக்காளி தூக்கலா, கத்திரிக்கா தொக்கோட, மட்டன் 260. ஆம்பூர்க்காரங்க கோச்சுக்க வேணாம், எனக்கு இதான் புடிச்சுச்சு.

டில்லி கேட்டப் பாக்கப் போனோம். ஆற்காட்டுக் கோட்டைல மிஞ்சினது அந்த ஒரு வாசல்தான், பாலாத்தங்கரையோரமா நிக்குது. மேல இருக்கற ரூம கிளைவ் ரூம்னு சொல்றாங்க. 1751ல ராபர்ட் கிளைவ் 200 வெள்ளைக்காரன், 300 சிப்பாயோட வந்து கோட்டையப் புடிச்சு, நவாப் பதவிக்குப் போட்டி போட்ட சந்தா சாகிப்போட மகன் ராசா சாகிப் முற்றுகை போட்டும் 50 நாள் தாக்குப்புடிச்ச எடம். கர்நாடக நவாபோட தலைநகரம் இது, ஆனா ஊர்ல யாரக் கேட்டாலும் மொதல்ல வர்ற பேரு கிளைவ்.

அந்த முற்றுகையப் பத்தி ஒரு கதை உண்டு. சாப்பாடு தீந்து போச்சாம், சிப்பாய்ங்க கிளைவ்கிட்ட போயி, சோத்த வெள்ளைக்காரங்களுக்குக் குடுங்க, அவங்களுக்குத்தான் தெம்பு வேணும், வடிச்ச கஞ்சி எங்களுக்குப் போதும்னு சொன்னாங்களாம். 1840ல மெக்காலே இதத் தன் கட்டுரைல எழுதி, அதுக்கப்புறம் எத்தனையோ பள்ளிக்கூடத்துல படிச்சாங்க. சித்தப்பாகிட்ட சொன்னேன். பேடா வாயோட "ஏத்தா, சத்து பூரா கஞ்சிலதான இருக்கு, அவனுக்கு சக்கையக் குடுத்துட்டு வந்துருக்காய்ங்க"ன்னார். பக்கத்துல ஆடு மேய்ச்சிட்டிருந்த பாட்டி விழுந்து விழுந்து சிரிச்சுது.

எனக்கு சிரிப்பு அடங்குனதும் கடுப்புதான் வந்துச்சு. கஞ்சி கேட்ட 300 பேரும், 55 வருஷம் கழிச்சு ஒரு மணி நேரப் பயணத்துல இருக்கற வேலூர்ல துப்பாக்கியத் திருப்புனவங்களும் ஒரே கம்பெனி சிப்பாய்ங்கதான். மொத கூட்டம் நல்லவன், பாடப் புத்தகத்துல ஏறிட்டான். ரெண்டாவது கூட்டத்தோட மூணு பட்டாளத்த கம்பெனி கணக்குலேந்தே அடிச்சு, கலைச்சுப் போட்டாங்க.

திரும்பும்போது பஸ்ஸு டயர் பஞ்சர். ரோட்டோரம் முக்கா மணி நேரம். தோல் ஷாப்பு (தோல் பதனிடுற எடம்) வாசம் காத்துல வந்துட்டே இருந்துச்சு.

ஜூலை 12, சனி

கடைசி ரிப்போர்ட் மத்தியானம்தான், அதனால காலைல முத்து மண்டபம். இலங்கைல கண்டியோட கடைசி ராஜா ஸ்ரீ விக்ரம ராஜசிங்கன் சமாதி, பாலாத்துக் கரைல. எங்களத் தவிர ஒரே ஒரு ஆள், அவரும் நிழலுக்கு வந்து படுத்திருந்தார். 1815ல கண்டிய வெள்ளைக்காரன் புடிச்சப்ப போட்ட ஒப்பந்தத்துலயே இந்த ராஜா கொடுங்கோலன், மலபார்க்காரன்னு, அதாவது தமிழன்னு, எழுதி கையெழுத்து வாங்கிட்டாங்க, குடும்பத்தோட வேலூருக்குக் கொண்டாந்தாங்க, 1832ல இங்கயே செத்துப் போனார். சிம்மாசனம் இங்கிலாந்து போயி 1934ல கொழும்புக்குத் திரும்பிச்சு, மனுஷன் திரும்பல. நாயக்கர் வம்சம், அதனால அங்க அவர் தமிழன், இங்க அவர் இலங்கை ராஜா. 1990ல மண்டபம் கட்டுறதுக்குள்ள நூத்தம்பது வருஷம் ஓடிருச்சு. கொடூரமான ராஜாவாவே இருந்திருக்கலாம், அதுக்கு நான் வக்காலத்து வாங்கல. ஆனா அத எழுதினவன்தான் நாட்டையும் எடுத்துக்கிட்டான்னு சேத்துப் படிக்கணும்ல.

லாட்ஜ காலி பண்ற முன்னாடி சித்தப்பா ரிசப்ஷன்ல ஒரு வெள்ளப் பேப்பர் வாங்கி, பேனாவ ஒதறி ஒதறி, அவர் பழைய ஆபீஸ் கையெழுத்துல ஒரு மனு எழுதினார். "அடுத்த ஆண்டு ஜூலை 10 மரியாதை நிகழ்ச்சியில், ஒலிபெருக்கியில் கீழ்க்கண்டவர்களின் பெயர்களை வாசிக்கும்படி கேட்டுக்கொள்கிறேன்: சுபேதார் ஷேக் ஆதம், சுபேதார் ஷேக் ஹமீது, ஜமேதார் ஷேக் உசேன், ஜமேதார் ஷேக் காசிம்." தலைமை தாங்கினவங்கன்னு பேப்பர்ல ஏறிப்போன பேருங்க. நான் போன்ல தேடித் தேடிச் சொல்ல அவர் எழுதினார். கோட்டைல நடக்கப் போறத முன்னாடியே வெள்ளைக்காரன்கிட்ட சொன்ன முஸ்தபா பேக்குன்னு ஒருத்தன் இருக்கான், பைத்தியம்னு அப்ப தொரத்திட்டாங்க, அப்புறம் வெகுமானமும் பென்ஷனும் குடுத்தாங்க. அவன் பேரத் தேடவே வேண்டியதில்ல, எல்லா எடத்துலயும் இருக்கு. "அவன் பேரப் போடணுமா சித்தப்பா"ன்னு சும்மா கேட்டேன். மொறச்சார்.

மத்த பேருக்கு என்ன செய்யறதுன்னு கொஞ்ச நேரம் பேனாவக் கடிச்சிட்டு, "மற்றும் பெயர் கிடைக்காத சுமார் 350 பேர்" அப்படின்னு ஒரு வரி சேத்தார். ரிஜிஸ்டர் போஸ்ட்தான் பண்ணுவேன்னு அடம், ஒப்புகை அட்டையோட. கவுன்ட்டர்ல இருந்த பொண்ணு கவர எடை போடும்போது "சார் ஸ்டாம்ப சரியா ஒட்டிட்டீங்களே, நீங்க டிபார்ட்மெண்ட்டா?"ன்னு கேட்டுச்சு. சித்தப்பாவுக்கு ரிப்போர்ட் நல்லா வந்ததவிட அதுலதான் சந்தோஷம். பதில் வந்தா இங்கயே போடறேன்.